சனிக்கிழமை ஒப்பாரி

சின்னப்பாறைத் தேயிலைத் தோட்டத்து மேல் லயத்து வரிசை வீடுகளில் பேச்சியம்மாவின் ஒற்றை அறைக் காம்பராவுக்கு மட்டும்தான் வெள்ளை அடித்திருந்தது. மற்றச் சுவர்களெல்லாம் அடுப்புப் புகையும் ஆடி மழையும் சேர்ந்து பூசிய நிறத்தில் கிடந்தன. கூரைத் தகரம் மாற்றியதும் வரிசையின் கடைசியில் இருந்த அந்தத் தொங்கல் வீட்டுக்குத்தான், கக்கூஸ் கட்டிக் கதவு போட்டதும் அங்கேதான். கதவுக்கு உள்பக்கம் ஒரு தாழ்ப்பாள் வேறு இருந்தது. லயத்துப் பிள்ளைகள் அதைப் போட்டும் எடுத்தும் பார்த்துவிட்டு அடி வாங்கிக்கொண்டு போனார்கள்.

இந்தச் சீரெல்லாம் பேச்சியம்மாவுக்கு வந்ததில்லை, வெள்ளைக்காரருக்கு வந்தது. எழுபத்தேழு தேர்தலுக்குப் பிறகு இலங்கைக்குள் உல்லாசப் பயணிகள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். நோர்வூட் பக்கத்தில் இருந்த பழைய பங்களா ஒன்றைக் கொழும்பு ஐயா ஒருவர் குத்தகைக்கு எடுத்து விடுதி ஆக்கினார். கடலையும் யானையையும் பார்த்து அலுத்தவர்களுக்கு மனுஷரைக் காட்டலாம் என்பது அவருடைய யோசனை. காலையில் பள்ளத்துச் சிங்களக் கிராமத்தின் படி வயல்களில் வரப்போடு ஒரு நடை. மத்தியானம் அங்கே ஒரு வீட்டில் வாழை இலையில் சோறு. பின்னேரம் ஒற்றையடிப் பாதையில் தேயிலை மலை ஏறி லயத்துக்கு வந்து, தொழிலாளி வீட்டில் ஒரு ராத்திரி தங்கல். தோட்டத்தை நடத்துகிற பெரிய தொரை அவருடைய சிநேகிதர், அதனால் வாரா வாரம் தடையில்லாமல் நடந்தது.

கூட்டி வருகிறவன் யேசுரட்ணம். தோட்டப் பள்ளிக்கூடத்து இராயப்பன் மாஸ்டரின் மகன். ஹட்டனில் படித்துப் பாஸ் பண்ணிவிட்டு, வாத்தியார் வேலைக்கு எழுதிப் போட்டு எழுதிப் போட்டுக் கை ஓய்ந்தவன். இருபத்தாறு வயதில் அவனுக்குக் கிடைத்த ஒரே உத்தியோகம் இதுதான். இங்கிலீஷ் நன்றாகப் பேசுவான், நாலு பேர் கேட்கிறார்கள் என்றால் கொஞ்சம் கூடுதலாகவே பேசுவான்.

பேச்சியம்மா வீட்டை ஏன் பிடித்தார்கள் என்றால், பக்கத்துக் காம்பரா காலியாக இருந்தது. அழகன் குடும்பம் பாஸ்போட் கிடைத்து இந்தியாவுக்குப் போன பிறகு அதற்கு ஆள் வரவில்லை. அதையும் இவள் வீட்டோடு சேர்த்து, கட்டிலும் மெத்தையும் போட்டு விருந்தாளிக்கு ஆக்கினார்கள். அடுத்த காரணம் பேச்சியம்மாவின் புருஷன் கந்தப்பன். கவ்வாத்து மலையில் அவனைப் போலக் கத்தி வீசிய ஆள் இல்லை. தேயிலைச் செடியைக் குட்டையாக வெட்டி விடுகிற வேலை அது, வெட்டு சரிந்தால் செடி செத்துப்போகும். அவன் வெட்டிய மலையைக் கணக்கப்பிள்ளை குறை தேடித் திரும்பிப் பார்க்கமாட்டார். அப்படிப்பட்டவன் நெஞ்சில் இளைப்பு வந்து பாயில் விழுந்துவிட்டான். ஒரே மகள் றொசல்லைப் பக்கம் வாழ்க்கைப்பட்டுப் போய்விட்டாள். வேலைக்குப் போகிற ஆள் வீட்டில் ஒன்று குறைந்தால் காம்பராவைத் திருப்பிக் கேட்பார்கள் என்ற பயத்தில் இருந்தவளிடம், விருந்தாளி வைத்துக்கொண்டால் வீட்டுக்கு ஒன்றும் வராது என்றார்கள். தலையை ஆட்டிவிட்டாள்.

விருந்தாளிகள் நல்லவர்கள்தான். ரொட்டியும் சம்பலும் தின்றுவிட்டுக் கண்ணில் தண்ணீர் வழியச் சிரித்தார்கள். தேத்தண்ணி விஷயம்தான் கூத்து. பேச்சியம்மா வீட்டுத் தூளில் ஊற்றியதை முதலில் குடித்தவர் முகத்தைச் சுளித்துவிட்டார். அன்றிலிருந்து பங்களாவில் ஊற்றிய தேத்தண்ணி பிளாஸ்கில் வரும். அதை அடுப்படியில் வைத்துத் தன் கேத்தலுக்கு மாற்றி, வந்தவர்கள் பார்க்கக் கேத்தலிலிருந்து ஊற்ற வேண்டும். தன் வீட்டில் தானே திருடுகிற மாதிரி இருக்கிறது என்று அவள் கந்தப்பனிடம் சொல்லுவாள். அவன் இருமிக்கொண்டே சிரிப்பான்.

ஒரு வாரம் வெள்ளைக்காரம்மா ஒருத்தி தோளில் டேப் ரெக்கார்டரோடு வந்தாள். ஊர் ஊராகப் போய்ப் பாட்டுப் பிடிக்கிறவளாம். மலை ஏறும்போது யேசுரட்ணத்துக்கு வாய் சும்மா இருக்கவில்லை. இன்றைக்கு நாம் தங்கப்போகிற வீட்டு அம்மாதான் இந்தப் பக்கத்திலேயே ஒப்பாரியில் கெட்டிக்காரி, எந்தத் தோட்டத்தில் இழவு என்றாலும் ஆள் அனுப்பிக் கூப்பிடுவார்கள் என்று பெருமை அடித்தான். சொன்னது பொய்யில்லை. பேச்சியம்மா வாயைத் திறந்தால் மேல் மலையில் நிற்கிறவளுக்கும் நெஞ்சு அடைக்கும்.

அந்தம்மா ஒப்பாரிதான் வேண்டும் என்று உட்கார்ந்துகொண்டாள். பேச்சியம்மாவுக்கு முதலில் விளங்கவே இல்லை. விளங்கியதும், யாரும் சாகாத வீட்டில் அதைப் பாடினால் விளங்குமா, அதுவும் உள்ளே சீக்காளி ஒருத்தர் கிடக்கிறார் என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டாள். யேசுரட்ணம் அதை நயமாக மாற்றிச் சொன்னான். அந்தம்மா வருத்தப்பட்டாள், வற்புறுத்தவில்லை. ஆனால் பங்களாவில் போய் ஆசையைச் சொல்லியிருக்கிறாள். மறுநாள் காலையில் வேலை பிரிக்கிற பெரட்டில் பேர் கொடுக்கும்போதே பேச்சியம்மாவை ஆபீசுக்கு வரச் சொல்லிவிட்டார்கள்.

பெரிய தொரைக்குத் தெரிந்த தமிழ் கொஞ்சம். அந்தக் கொஞ்சமும் வேலை வாங்குகிற தமிழ். "பாட்டு பாடு, காம்பரா இருக்கும். பாட்டு இல்லை, காம்பரா இல்லை" என்றார். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. கையெழுத்துப் போட்டுக்கொண்டே சொன்னார்.

காம்பரா போனால் கீழ் லயம். ஒழுகுகிற கூரைக்குக் கீழே ஏற்கெனவே ஒரு குடும்பம் இருக்கிற அறையில் சாக்குப் படுதா கட்டிப் பாதியில் இருக்க வேண்டும். இளைப்புக்காரனை அந்த ஈரத்தில் போட்டால் ஒரு மழைக்குத் தாங்கமாட்டான். பேச்சியம்மா அன்றைக்குக் கொழுந்து எடுத்தாள் என்று பேர், கூடையில் பாதி முற்றல் இலை. கங்காணியிடம் ஏச்சு வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து அடுப்பைப் பற்ற வைக்காமல் உட்கார்ந்திருந்தாள்.

கந்தப்பன்தான் பேச்சை எடுத்தான்.

"தொரை என்ன சொன்னாரு?"

சொன்னாள்.

"றொசல்லைக்குப் போயிருவமா, மக வீட்டுக்கு?" என்றாள்.

"அங்க ஒரு காம்பராவுல ஏழு பேரு கெடக்குறாங்க. நம்ம போயி எங்க படுக்க? அந்தத் தோட்டத்து தொரை நம்மள வெத்தல பாக்கு வச்சா கூப்புடுறாரு?"

"அப்ப நான் என்னதாங்க செய்ய? உசுரோட இருக்குற புருஷன வச்சுக்கிட்டு ஒப்பாரி வைக்கச் சொல்றாங்களே. எந்த ஊருல இருக்கு இந்த அக்கிரமம்?"

"பாடு புள்ள. பாடுனா செத்துருவனா? பாடாட்டிதான் சாவேன், அந்தக் கீழ் லயத்துல."

அவளுக்கு ஒரு யோசனை வந்தது. தாலாட்டைக் கொஞ்சம் இழுத்துப் பாடிவிட்டால் வெள்ளைக்காரிக்கு என்ன தெரியப்போகிறது? யேசுரட்ணத்திடம் ரகசியமாகச் சொன்னாள். அவனும் உயிர் வந்தது போலத் தலையாட்டினான். தன் வாய்க்கொழுப்பால் வந்த வினை என்று அவனுக்கு உறுத்தல் இருந்தது.

சனிக்கிழமை பின்னேரம் அந்தம்மா மற்ற விருந்தாளிகளோடு திரும்பி வந்து, வீட்டு முன்பக்கத்து இஸ்தோப்பில் பாய் விரித்து மிஷினை ஓட விட்டாள். பெண்கள் எல்லாரும் லயத்துக்கு மேலே இருந்த மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தார்கள். பேச்சியம்மா தாலாட்டை எடுத்தாள். இரண்டு அடி போனதும் அந்தம்மா மெதுவாக மிஷினை நிறுத்திவிட்டாள். வேறு தோட்டத்தில் கேட்டிருக்கிறாளாம். இது அது இல்லை, இதில் அழுகை இல்லை என்று யேசுரட்ணத்திடம் சொன்னாள். திட்டியிருந்தாலும் பரவாயில்லை, அவள் ஏமாந்த குழந்தையின் முகத்தோடு சொன்னாள்.

உள்ளேயிருந்து கந்தப்பனின் குரல் வந்தது. "பாடிரு பேச்சி. நீ எனக்கு என்ன பாடுவேன்னு நானும் கேட்டுக்கிறேன்."

பேச்சியம்மா முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டாள்.

"கவ்வாத்து மலையேறிக்
கத்தி புடிச்ச கையி
கம்பளிக்குள் கெடக்குதே
என்ன ஆண்ட மகராசா
காலநேரம் ஆனதென்ன
கண்ணு தொறந்து பாருமையா
கொழுந்துக் கூடை கனக்குதே
கூட வர ஆளு எங்கே"

முதல் அடியைப் பல்லைக் கடித்துக்கொண்டு பாடினாள். அடுத்த அடியில் அழுகை தானாக வந்துவிட்டது. வராமல் என்ன செய்யும், உள்ளே இருமல் கேட்டுக்கொண்டுதானே இருந்தது. கல்யாணம் கட்டி வந்த நாளிலிருந்து மனதில் கிடந்ததெல்லாம் பாட்டாகப் புரண்டு வந்தது. அந்தம்மாவும் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

பாட்டு முடியவில்லை, அதற்குள் மலையிலிருந்து பெண்கள் ஓடி வந்துவிட்டார்கள். தோட்டத்தில் சாவுக்கு வேறு செய்தி கிடையாது, ஒப்பாரிச் சத்தம்தான் செய்தி. கேட்டவள் கேட்ட இடத்தில் கூடையை இறக்கிவிட்டு ஓடிவர வேண்டும். கங்காணி கத்தக் கத்த இறங்கி வந்தார்கள். கீழே தப்படிக்கிற சின்னராசா அதற்குள் தப்பை நெருப்பில் காட்டிச் சூடேற்றத் தொடங்கியிருந்தார். அதே லயத்து நாகலெட்சுமி தலைமுடியை அவிழ்த்துவிட்டு, மாரில் அடித்துக்கொண்டு நேரே உள்ளே போய்க் கந்தப்பன் மேல் விழுந்தாள். கந்தப்பன் விருந்தாளி கொடுத்த பிஸ்கட்டைத் தேத்தண்ணியில் தோய்த்துக்கொண்டிருந்தான்.

அடுத்த நிமிஷம் அங்கே நடந்ததைச் சொல்லி மாளாது. நாகலெட்சுமி வெளியே வந்து கூந்தலை முடிந்துகொண்டே பேச்சியம்மாவைக் கிழித்துத் தொங்கவிட்டாள்.

"ஒனக்கு வெள்ளக் காம்பரா வேணுங்கிறதுக்கு புருஷன சாகடிச்சுப் பாடுறியாக்கும்? இனிமே எங்க வீட்டு நல்லது கெட்டதுக்கு வராத நீ."

யேசுரட்ணம் குறுக்கே போய், தொரையின் உத்தரவு என்று சொல்லிப் பார்த்தான். யாரும் காதில் வாங்கவில்லை. இடையில் வேலையை விட்டு வந்ததற்கு அன்றைக்கு எல்லாருக்கும் அரைநாள் கூலிக்கு அரைப்பேர்தான் போட்டார்கள். அந்தக் கோபமும் பேச்சியம்மாவின் தலையில்தான் விழுந்தது. வெள்ளைக்காரர்கள் இவ்வளவையும் படம் எடுத்துக்கொண்டு, சந்தோஷமாகக் கைகொடுத்துவிட்டுப் போனார்கள்.

அதோடு விட்டிருந்தால் போயிருக்கும். அந்தம்மா ஊருக்குப் போய் என்ன சொன்னாளோ, அடுத்து வந்தவர்களும் ஒப்பாரி கேட்டார்கள். பங்களா ஐயா அதை நடையின் கடைசி அங்கமாகச் சேர்த்துவிட்டார். வயல், வாழையிலைச் சோறு, தேயிலை மலை, சாகக் கிடக்கும் புருஷனுக்குப் பெண்சாதி பாடும் பாட்டு. சனிக்கிழமை தோறும் நாலு மணிக்கு.

பெண்கள் பழகிக்கொண்டார்கள். முதல் இரண்டு வாரம் சத்தம் கேட்டதும் கை நின்றது. பிறகு நிற்கவில்லை. "பேச்சி ஆரம்பிச்சுட்டா, நிறுவைக்கு நேரமாகிருச்சு" என்று அந்தச் சத்தத்தை வைத்துக் கூடையை இறக்கத் தயாரானார்கள். நாகலெட்சுமியின் கோபமும் நாளாக ஆகக் கேலியாக மாறிவிட்டது, பேச்சு வார்த்தை வந்துவிட்டது. உயிரோடு இருக்கிறவனை அழுதால் அவனுக்கு ஆயுசு கெட்டி என்று சிலர் ஆறுதல் சொன்னார்கள்.

கெட்டியாகத்தான் ஆனது. மழை ஓய்ந்து வெயில் தலைகாட்டிய மாதங்களில் கந்தப்பனுக்கு இளைப்பு தணிந்தது. எழுந்து தண்ணீர்ப் பீலிக்குப் போய்க் குளித்தான். ஒரு நாள் கத்தியைத் தீட்டி எடுத்துக்கொண்டு பெரட்டுக்கே போய் நின்றுவிட்டான். கணக்கப்பிள்ளை செல்லசாமி எல்லாருக்கும் பேர் கொடுத்துவிட்டு, அவனைத் தனியாகக் கூப்பிட்டார்.

"கந்தப்பா, ஒனக்கு மலையில பேரு இல்ல."

"ஏங்க? நான் நல்லாத்தானே இருக்கேன்."

"அதாண்டா வம்பு. நீ நல்லா இருந்தா சனிக்கிழம ஒம் பொண்டாட்டி யாருக்கு அழுவா? தொரை சொல்லிட்டாரு. படுத்துக் கெட. அதுக்கு ஒரு பேரு போட்டுக்கச் சொல்லியிருக்கு."

படுப்பதற்குப் பேர். தோட்டம் உண்டான நாளிலிருந்து இப்படி ஒரு வேலை யாருக்கும் கொடுத்ததில்லை. கந்தப்பன் கத்தியைச் சாக்கில் சுற்றிக்கொண்டு திரும்பி வந்தான். வழியில் எதிர்ப்பட்டவர்கள் சிரித்தார்களா இல்லையா என்று அவன் நிமிர்ந்து பார்க்கவில்லை.

அந்தச் சனிக்கிழமை பாட்டின் நடுவில் அவன் எழுந்து, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு விருந்தாளிகளைத் தாண்டி வெளியே நடந்தான். தங்களை ஏமாற்றிவிட்டார்கள் என்று அவர்கள் பங்களாவில் முறையிட்டார்கள். ஐயா யேசுரட்ணத்தை நிற்க வைத்து ஏசி, இன்னொரு தடவை இப்படி நடந்தால் வேலை இல்லை என்றார். மறுநாள் மாதா கோயில் பூசை முடிந்த கையோடு யேசுரட்ணம் வந்து, இஸ்தோப்புக் கட்டையில் உட்கார்ந்தான். பெரிய ஆம்பிளை, சின்னப் பிள்ளை மாதிரி அழுதுவிட்டான்.

"நான்தாண்ணே வாய விட்டேன். எனக்கும் வேற பொழப்பு இல்லண்ணே. ஒரு மணி நேரம்தானே, எனக்காகப் படுங்கண்ணே."

கந்தப்பனுக்கு அவன் மேல் கோபம் வரவில்லை. வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். "இந்தத் தோட்டத்துல யார் மேலதான்டா தம்பி கோவிச்சுக்கிறது?" என்று கேட்டுவிட்டு உள்ளே போனான்.

அதற்குப் பிறகு ஒழுங்காகப் படுத்தான். சனிக்கிழமை மட்டும் படுத்தவன், போகப் போக மற்ற நாளும் படுத்தான். வேலை இல்லாத உடம்பு, எழுந்து என்ன செய்வது? கல்யாண வீடுகளுக்கு அவனை யாரும் அழைக்கவில்லை. கெட்ட எண்ணம் ஒன்றுமில்லை, வாரா வாரம் இழவு பாடப்படுகிறவனை மணவறைக்கு முன்னால் எப்படி உட்கார வைப்பது என்று கூச்சம். பேச்சியம்மா அடுப்படியில் உட்கார்ந்து தன் தொண்டையையே சபித்தாள். காய்ச்சல், தொண்டைக் கட்டு என்று ஒரு வாரம் சொல்லிப் பார்த்தாள். டிஸ்பென்சரியிலிருந்து மருந்துப் போத்தலைக் கொடுத்து அனுப்பினார்கள்.

மறு ஆடியில் மழை பிடித்தது. காற்றும் மழையுமாக மலை தெரியாமல் அடித்தது. கந்தப்பனுக்கு இளைப்பு திரும்பவும் ஏறிக்கொண்டது. இந்தத் தடவை அவன் எழுந்திருக்க முயற்சியும் செய்யவில்லை. டிஸ்பென்சரிக்குத் தூக்கிக்கொண்டு போகலாம் என்று பேச்சியம்மா கெஞ்சினாள். "சனிக்கிழமைக்கு நான் இங்க இருக்கணுமே" என்றான். அவன் கேலியாகச் சொன்னானா நிஜமாகச் சொன்னானா என்று அவளுக்குப் பிடிபடவில்லை. அடுப்பைப் பாய்ப் பக்கமாக இழுத்து வைத்து, இஞ்சி தட்டிப் போட்ட தேயிலைச் சாயத்தண்ணியைக் கொஞ்சம் கொஞ்சமாக வாயில் விட்டாள்.

சனிக்கிழமை மத்தியானம் மழை வெளித்தது. வேலைக்குப் போகாமல் அவள் பக்கத்திலேயே இருந்தாள். மேல் மலையில் பெண்கள் இடுப்பில் படங்குத் துணியைச் சுற்றிக்கொண்டு கொழுந்து எடுக்கிற பேச்சுச் சத்தம் கேட்டது. கந்தப்பன் அவள் கையைப் பிடித்திருந்தான். பின்னேரம் பிடி தளர்ந்தது. தூங்குகிறான் என்று நினைத்தாள். இருமல் ஏன் கேட்கவில்லை என்று குனிந்து பார்த்தாள்.

அவள் வாயிலிருந்து எது வந்ததோ, அதுதான் ஒப்பாரி. இஸ்தோப்புக்கு ஓடி வந்து, மலையைப் பார்த்து, மார் வெடிக்க அழுதாள். மேலே பேச்சுச் சத்தம் அப்படியே இருந்தது. யாரோ சிரிப்பதுகூடக் கேட்டது. இரண்டு வீடு தள்ளி ஒரு பிள்ளை எட்டிப் பார்த்துவிட்டு, வெள்ளைக்காரர் வந்தால் மிட்டாய் கிடைக்குமே என்று ரோட்டைப் பார்த்துக்கொண்டு நின்றது.

அந்தச் சத்தம் கேட்டு ஓடி வந்தவன் ஒரே ஆள், யேசுரட்ணம். ரோட்டில் மண் சரிந்து விருந்தாளிகளின் வேன் ஹட்டனோடு திரும்பிவிட்டது. அந்தச் செய்தி பங்களா டெலிபோனில் அவனுக்கு வந்தது, லயத்துக்கு வரவில்லை. இன்றைக்குப் பாட வேண்டாம் என்று சொல்லத்தான் அவன் குறுக்குப் பாதையில் வந்துகொண்டிருந்தான். பாட்டுச் சத்தம் காதில் விழுந்ததும் ஓட்டமெடுத்தான்.

உள்ளே போய்ப் பார்த்தான். கந்தப்பனின் கண்ணை மூடிவிட்டு, நெற்றியில் சிலுவை வரையப் போனவன், இவர் சைவம் என்று ஞாபகம் வந்து கையை எடுத்துக்கொண்டான். பேச்சியம்மா அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

"தம்பி, நான் கூப்பிட்டா யாரும் வரமாட்டேங்கிறாங்க தம்பி."

யேசுரட்ணம் மலைக்கு ஓடினான். படிக்கட்டு ஏறும்போதே கத்தினான். "கந்தப்பண்ணன் செத்துட்டாரு."

நாகலெட்சுமி நிமிராமலே பதில் சொன்னாள். "அவருதான் சனிக்கிழம சனிக்கிழம சாகுறாரே. இன்னைக்கு எந்த ஊருக்காரங்க தம்பி, நல்லா அழுதாங்களா?" நிரை முழுக்கச் சிரிப்பு பரவியது. கீழே பேச்சியம்மாவின் குரல் உடைந்து உடைந்து வந்துகொண்டிருந்தது.

யேசுரட்ணத்துக்கு மூச்சு வாங்கியது. முழங்காலைப் பிடித்துக்கொண்டு ஒரு நிமிஷம் நின்றான். பிறகு தலையைத் தூக்கிச் சொன்னான்.

"இன்னைக்கு வெள்ளைக்காரங்க யாரும் வரலக்கா."

நாகலெட்சுமியின் கை செடியின் மேல் அப்படியே நின்றது.